மூன்று பட்டம், ஒன்பது பாத்தர்ஸ்ட்: பீட்டர் பிராக் என்னும் புதிர்

ஆஸ்திரேலிய டூரிங் கார் சாம்பியன்ஷிப்பை அதிக முறை வென்றவர் யார் என்று தேடினால் ஜேமி வின்கப் பெயர் வரும். 7 முறை. அவருக்கு அடுத்து இயன் கியோகன், டிக் ஜான்சன், மார்க் ஸ்கைஃப் மூவரும் தலா 5. ஆலன் மொஃபட் 4. பீட்டர் பிராக்கைப் பார்க்க இன்னும் கீழே இறங்க வேண்டும். 1974, 1978, 1980 என்று மூன்றே பட்டங்கள். ஆனால் கார் பந்தயம் பக்கமே தலைவைத்துப் படுக்காத ஆஸ்திரேலியர்களுக்கும் தெரிந்திருந்த பெயர் அவருடையது. 2006 செப்டம்பரில் அவர் இறந்தபோது மெல்பர்னின் செயின்ட் பால் பேராலயத்தில் அரசு மரியாதையோடு இறுதிச் சடங்கு நடந்தது.

பட்டங்களை எண்ணினால் இந்தப் புகழுக்குக் கணக்கு ஒத்துவராது. ஆண்டு முழுக்க நடக்கும் சாம்பியன்ஷிப்பைக் கொஞ்சம் ஓரமாக வைத்துவிட்டு, ஆண்டுக்கு ஒரு முறை, அக்டோபர் மாத ஞாயிற்றுக்கிழமை ஒன்றில், நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தின் பாத்தர்ஸ்ட் என்ற ஊரில் நடக்கும் ஒரே ஒரு பந்தயத்தைப் பார்க்க வேண்டும். அதை பிராக் 9 முறை வென்றார். இன்றுவரை இன்னொருவர் அதை எட்டவில்லை.

அந்த 9 வெற்றிகளையும் அவருக்குத் தந்தது ஒரு குணம்: வண்டி என்ன சொல்கிறது என்பதைத் தன் கையாலும் முதுகாலும் உணர்ந்து, அந்த உணர்வை மட்டும் நம்பி முடிவெடுப்பது. அதே குணம்தான் 1987இல் அவரை நாடே பார்க்கக் கவிழ்த்தும் விட்டது. இரண்டையும் சேர்த்துப் பார்க்காமல் இந்த மனிதரைப் புரிந்துகொள்ள முடியாது என்பது என் கட்சி.

மலை என்றால் எந்த மலை?

டூரிங் கார் என்பது ஃபார்முலா 1 போலப் பந்தயத்துக்கென்றே பிறந்த வண்டி அல்ல. குடும்பத்தோடு போக ஷோரூமில் வாங்குகிற காரின் உருவம். உள்ளே பந்தயத்துக்கு ஏற்ற மாற்றங்கள். பிராக் களத்துக்கு வந்த காலத்தில் அந்த மாற்றங்களும் குறைவு. விற்பனைக்கு வரும் கார்கள் எவ்வளவு தாங்கும் என்று காட்டத்தான் இந்தப் பந்தயமே தொடங்கியது. 1960இல் விக்டோரியாவின் ஃபிலிப் தீவில் 500 மைல் பந்தயமாக ஆரம்பித்தார்கள். அங்கே தடம் பெயர்ந்து குண்டும் குழியுமாகிவிட்டதால் 1963இல் பாத்தர்ஸ்டுக்கு மாற்றினார்கள். 1973இல் தூரம் 1000 கிலோமீட்டர் ஆனது.

பாத்தர்ஸ்டின் மவுண்ட் பனோரமா ஒரு விசித்திரமான தடம். மற்ற நாட்களில் அது பொதுச் சாலை. 60 கிலோமீட்டர் வேகத்துக்கு மேல் போனால் போலீஸ் பிடிக்கும். பந்தயத்தன்று அதே சாலையில் கார்கள் அதைப் போல நான்கு மடங்கு வேகத்தில் பறக்கின்றன. இப்போது ஒரு சுற்று 6.213 கிலோமீட்டர். அடிவாரத்துக்கும் உச்சிக்கும் 174 மீட்டர் உயர வித்தியாசம். மேலே ஏறும்போது இருபுறமும் சுவர் நெருக்கும் வளைவுகள். உச்சியில் ஸ்கைலைன் என்ற இடத்தில் சாலை கண் முன்னாலேயே காணாமல் போகும். அடுத்து என்ன வருகிறது என்று தெரியாமலே வண்டியைக் கீழே விட வேண்டும். டிப்பர், ஃபாரஸ்ட்ஸ் எல்போ என்று கீழே சுழன்று இறங்கியதும் கான்ராட் நேர்சாலை. அங்கே முழு வேகம். இதை 161 முறை செய்ய வேண்டும். ஆறு மணி நேரத்துக்கு மேல் ஆகும்.

ஆறு மணி நேரம் இப்படி ஏறி இறங்கினால் முதலில் பிரேக் சாகும், அப்புறம் கியர்பாக்ஸ், அப்புறம் இன்ஜின். அந்தக் காலத்து கார்கள் இதற்காகச் செய்யப்பட்டவையே அல்ல. எனவே வேகமாக ஓட்டத் தெரிந்தவர்கள் எல்லோரும் பாத்தர்ஸ்டை வென்றுவிடவில்லை. வண்டியை உடைக்காமல் வேகமாக ஓட்டத் தெரிந்தவர்கள் வென்றார்கள். இந்த இரண்டாவது திறமை வெளியே தெரியாது. பிரேக்கை ஒரு நொடி முன்னால் தொட்டு மென்மையாக விடுவது, கியரை அடித்துப் போடாமல் நழுவ விடுவது, டயர் கெஞ்சும் முன் அதை உணர்வது என்று சின்னச் சின்ன விஷயங்கள். பிராக்கோடு காரைப் பகிர்ந்துகொண்டவர்களும் எதிர்த்து ஓட்டியவர்களும் அவரிடம் முதலில் குறிப்பிடுவது இதைத்தான்.

இன்னொரு பின்னணியையும் சொல்ல வேண்டும். ஆஸ்திரேலியாவில் கார் என்றால் பல பத்தாண்டுகள் இரண்டே கட்சி: ஹோல்டன், ஃபோர்டு. 1948இல் முதல் ஹோல்டன் வெளிவந்தபோது அதை ஆஸ்திரேலியாவின் சொந்தக் கார் என்று கொண்டாடினார்கள். நிறுவனம் அமெரிக்க ஜெனரல் மோட்டார்ஸுடையது என்பது யாருடைய பாசத்தையும் குறைக்கவில்லை. நம் ஊரில் எம்.ஜி.ஆர், சிவாஜி ரசிகர்கள் எப்படியோ அப்படி அங்கே வீடுகள் பிரிந்து கிடந்தன. அப்பா ஹோல்டன் என்றால் பிள்ளையும் ஹோல்டன். பாத்தர்ஸ்ட் அந்த இரண்டு கூட்டங்களும் வருடத்துக்கொரு முறை நேருக்கு நேர் நிற்கும் களம். ஃபோர்டு பக்கம் நின்றவர் கனடாவில் பிறந்து ஆஸ்திரேலியாவில் குடியேறிய ஆலன் மொஃபட்: கறாரானவர், அதிகம் பேசாதவர், எல்லாவற்றையும் திட்டமிட்டுச் செய்பவர். ஹோல்டன் பக்கம் ஒரு சிரித்த முகம் தேவைப்பட்டது.

பிரேக் இல்லாத ஆஸ்டின்

பிராக் 1945 பிப்ரவரி 26 அன்று பிறந்தார். மெல்பர்னுக்கு வெளியே ஹர்ஸ்ட்பிரிட்ஜ் என்ற கிராமப் பகுதியில் வளர்ந்தார். சிறுவயதிலேயே கையில் கிடைத்த பழைய ஆஸ்டின் 7 காரின் மேல் பகுதியைக் கோடாரியால் வெட்டித் தள்ளிவிட்டு, மிச்சமிருந்த சட்டத்தைப் புல்வெளிகளில் ஓட்டித் திரிந்தார். அதில் பிரேக் என்று சொல்லும்படி எதுவும் இல்லை. வண்டியை நிறுத்த வேண்டுமானால் சறுக்கவிட்டுத் திருப்ப வேண்டும். கார் சறுக்கும்போது அதை எப்படிப் பிடிப்பது என்பதை அங்கேதான் கற்றுக்கொண்டதாகப் பின்னாளில் அவரே சொல்லியிருக்கிறார்.

1960களின் நடுவில் கட்டாய ராணுவ சேவை. திரும்பி வந்ததும் ஆஸ்டின் ஏ30 என்ற குட்டிக் காருக்குள் ஹோல்டனின் ஆறு சிலிண்டர் இன்ஜினைத் திணித்தார். வேலை நடந்த இடம் பழைய கோழிக் கொட்டகை. அளவுக்கு மீறிய இன்ஜின், அதைத் தாங்காத உடம்பு. அந்த வண்டியை நேராக ஓட்டுவதே சாதனை. அதை வைத்துக்கொண்டு உள்ளூர்ப் பந்தயங்களில் பெரிய கார்களை விரட்டியதைப் பார்த்த ஹாரி ஃபெர்த் 1969இல் அவரைக் கூப்பிட்டார். ஃபெர்த் அப்போது ஹோல்டன் டீலர் டீம் என்ற புதிய அணியை நடத்திக்கொண்டிருந்தார். பந்தயத்தில் நேரடியாக இறங்க ஜெனரல் மோட்டார்ஸ் அனுமதிக்காததால், டீலர்கள் பெயரில் நடந்த அணி அது. பின்கதவு வழி என்று எல்லோருக்கும் தெரியும், யாரும் கேட்டுக்கொள்ளவில்லை.

அந்த ஆண்டே பாத்தர்ஸ்டில் டெஸ் வெஸ்ட்டோடு சேர்ந்து மோனாரோ காரில் மூன்றாவது இடம். முதல் முறைக்கு மோசமில்லை.

1972: மழை

பிராக்கின் முதல் வெற்றிதான் அவரை யார் என்று காட்டியது. ஃபோர்டிடம் ஃபால்கன் ஜிடி-எச்ஓ இருந்தது. 5.8 லிட்டர் வி8, அதாவது எட்டு சிலிண்டர் இன்ஜின். நேர்சாலையில் அதைத் தொட முடியாது. ஹோல்டனிடம் இருந்தது டொரானா எக்ஸ்யு-1. அளவில் சின்னது, 3.3 லிட்டர், ஆறு சிலிண்டர். உண்மையில் ஹோல்டனும் வி8 பூட்டிய டொரானாவைத் தயார் செய்துகொண்டுதான் இருந்தது. ஆனால் 1972 நடுவில், இப்படிப்பட்ட அசுர வேகக் கார்களைப் பொதுமக்களுக்கு விற்கலாமா என்று செய்தித்தாள்களில் பெரிய கூச்சல் கிளம்பியது. அரசியல்வாதிகள் தலையிட, நிறுவனங்கள் பின்வாங்கின. எனவே பழைய ஆறு சிலிண்டர் வண்டியே களத்துக்குப் போனது.

காலையில் மழை. ஈரச் சாலையில் குதிரைசக்தி அதிகம் இருப்பது வசதி அல்ல, சுமை. பிராக் மொஃபட்டை விரட்டிக்கொண்டே இருந்தார். கண்ணாடியில் எப்போது பார்த்தாலும் டொரானா தெரிந்தது. மொஃபட் தவறு செய்தார், பெட்ரோல் போடவும் பழுது பார்க்கவும் கார்கள் ஒதுங்கும் 'பிட்' பகுதியில் விதிமீறலுக்காகத் தண்டனையும் வாங்கினார். 500 மைல் தூரத்தையும் தனி ஆளாக ஓட்டி பிராக் ஜெயித்தார். அடுத்த ஆண்டு முதல் இரண்டு ஓட்டுநர்கள் கட்டாயம் என்று விதி மாறியதால், பாத்தர்ஸ்டைத் தனியாக ஓட்டி வென்ற கடைசி மனிதர் அவர்தான்.

1973 கதை இன்னும் சுவையானது. முன்னிலையில் இருந்தபோது, கூட ஓட்டிய டக் சிவாஸின் பெட்ரோல் பிட்டுக்கு வருவதற்குள் தீர்ந்துவிட்டது. பிட் பாதை மேட்டில் ஏறும். பந்தய விதிப்படி தன் இடத்தை அடையும் வரை அணியினர் வண்டியைத் தொடக் கூடாது. ஐம்பது வயதைத் தாண்டிய சிவாஸ் கீழே இறங்கி, ஒற்றை ஆளாகக் காரைத் தள்ளிக்கொண்டு வந்தார். அணி கைகட்டி நின்று பார்த்தது. இரண்டாவது இடம்தான் கிடைத்தது. 1974இல் பல சுற்று முன்னிலையில் இருக்கும்போது இன்ஜின் போனது. அதற்குப் பிறகு பிராக்குக்கும் ஃபெர்த்தின் அணிக்கும் உறவு முறிந்தது. 1975இல் தனியார் அணி ஒன்றின் டொரானாவில் பிரையன் சாம்ப்சனோடு வந்து வென்றார். தொழிற்சாலை ஆதரவு இல்லாமலே ஜெயிக்க முடியும் என்று காட்டியதில் அவருக்குள் ஒரு நம்பிக்கை விழுந்திருக்க வேண்டும். பின்னாளில் அந்த நம்பிக்கை எங்கே கொண்டுபோய் விட்டது என்பதை நினைத்தால், இந்த வெற்றி சாதாரணமாகத் தெரிவதில்லை.

ஆறு சுற்று

1978இல் பிராக் ஹோல்டன் டீலர் டீமுக்குத் திரும்பினார். நியூசிலாந்துக்காரர் ஜிம் ரிச்சர்ட்ஸ் துணை ஓட்டுநர். அந்த ஆண்டு வெற்றி. அடுத்த ஆண்டு நடந்ததைத்தான் ரசிகர்கள் இன்னும் பேசுகிறார்கள்.

1979இல் டொரானா ஏ9எக்ஸ் காரில் முதலிடத்தில் புறப்பட்டு, 163 சுற்று முடிந்தபோது இரண்டாவது வந்தவரைவிட ஆறு சுற்று முன்னால் இருந்தார்கள். ஆறு நொடி அல்ல, ஆறு சுற்று. கிட்டத்தட்ட 37 கிலோமீட்டர். இவ்வளவு முன்னிலை இருந்தால் எந்த ஓட்டுநரும் கடைசிச் சுற்றில் வண்டியை மெல்ல உருட்டிக் கொண்டுவருவார். பிராக் கடைசிச் சுற்றில் தடத்தின் சாதனை வேகத்தை முறியடித்தார்.

இதை வெறும் திமிர் என்றும் படிக்கலாம். நான் அப்படிப் படிப்பதில்லை. ஆறு மணி நேரம் ஓடிய கார், தேய்ந்த பிரேக், களைத்த இன்ஜின். அதற்குள் இன்னும் எவ்வளவு மிச்சம் இருக்கிறது என்று ஓட்டுபவருக்குத் துல்லியமாகத் தெரிந்திருந்தால்தான் அதைச் செய்ய முடியும். மற்ற அணிகளின் கார்கள் அதற்குள் பாதிக்கு மேல் செத்துக் கிடந்தன.

அதே ஆண்டு ஆகஸ்டில், பந்தயத் தடங்களோடு சம்பந்தமே இல்லாத இன்னொரு வேலையையும் செய்திருந்தார். நாட்டையே சுற்றி வரும் ரெப்கோ ரிலையபிலிட்டி டிரையல் என்ற ராலி. சுமார் 20,000 கிலோமீட்டர், பெரும்பகுதி செம்மண் பாதை. மேட் ஃபிலிப், நோயல் ரிச்சர்ட்ஸ் இருவரோடு புதிய ஹோல்டன் கொமடோரில் போய் வென்றார். அணியின் மற்ற கொமடோர்கள் இரண்டாம், மூன்றாம் இடம். இந்த மெல்லிய ஐரோப்பிய உடம்பு ஆஸ்திரேலியச் சாலைகளைத் தாங்குமா என்று அந்தக் காரைப் பற்றிச் சந்தேகம் இருந்த நேரம் அது. விளம்பரக்காரர்கள் ஒரு வருடம் உட்கார்ந்து யோசித்தாலும் இதைவிட நல்ல பதில் கிடைத்திருக்காது.

1980இலும் வெற்றி. அதில் அதிர்ஷ்டமும் கலந்திருந்தது: தொடக்கத்தில் மெதுவாகப் போன ஜெமினி என்ற சின்னக் காரோடு உரசி பிராக் ஒரு சுற்றை இழந்தார், முன்னால் போய்க்கொண்டிருந்த டிக் ஜான்சனின் ஃபால்கன் தடத்தில் கிடந்த பாறாங்கல்லில் மோதிச் சிதறியது. கலங்கிப்போய்த் தொலைக்காட்சியில் பேசிய ஜான்சனுக்கு மக்கள் நன்கொடை அனுப்பிக் குவித்தார்கள். அந்த ஒரு கல் ஃபோர்டு ரசிகர்களுக்கும் ஒரு நாயகனைக் கொடுத்தது. அடுத்த ஆண்டே ஜான்சன் வென்றார். பிறகு 1982, 1983, 1984 மூன்றிலும் மறுபடி பிராக், இந்த முறை லாரி பெர்கின்ஸோடு.

1983 வெற்றியில் ஒரு சின்ன முள் உண்டு. பிராக்கின் கார் எட்டாவது சுற்றிலேயே படுத்துவிட்டது. விதி அனுமதித்ததால் அவரும் பெர்கின்ஸும் அணியின் இரண்டாவது காருக்கு மாறினார்கள். ஜான் ஹார்வி ஓட்டிக்கொண்டிருந்த வண்டி அது. அதில் அடுத்து ஏறக் காத்திருந்தவர் பிராக்கின் சொந்தத் தம்பி ஃபில். அவருக்கு ஒரு சுற்றுகூடக் கிடைக்கவில்லை. விதிப்படி சரிதான். ஆனால் அந்த இரவு வீட்டுச் சாப்பாட்டு மேசை எப்படி இருந்திருக்கும் என்று நினைக்காமல் இருக்க முடியவில்லை.

05, கார் வியாபாரம், ஒரு பெட்டி

பிராக்கின் கார் எண் 05. இது சும்மா வந்த எண் அல்ல. விக்டோரியாவில் வண்டி ஓட்டுபவரின் ரத்தத்தில் இருக்கலாம் என்று சட்டம் அனுமதித்த மதுவின் அளவு 0.05 சதவீதம். 1970களின் நடுவில், குடித்துவிட்டு ஓட்டாதே என்ற பிரச்சாரத்துக்காக அந்த எண்ணைக் காரின் கதவில் எழுதிக்கொண்டார். பந்தயத்தை மட்டுமே பார்க்கும் இளைஞர் கூட்டத்துக்கு அரசாங்க விளம்பரம் எட்டாது. பிராக்கின் கதவு எட்டியது. பொதுமக்களிடம் அவருக்குக் கிடைத்த மரியாதையில் இந்த எண்ணுக்குப் பெரிய பங்கு இருக்கிறது. 1980இல் அவருக்கு ஆர்டர் ஆஃப் ஆஸ்திரேலியா விருதும் கிடைத்தது.

1979 முடிவில் ஜெனரல் மோட்டார்ஸ் பந்தயத்துக்குப் பணம் தருவதை நிறுத்தியது. பிராக் அணியைத் தானே எடுத்துக்கொண்டார். செலவுக்கு என்ன வழி? இங்கேதான் அவர் வெறும் ஓட்டுநர் என்ற எல்லையைத் தாண்டினார். ஹோல்டன் தொழிற்சாலையிலிருந்து கொமடோர்களை வாங்கி, போர்ட் மெல்பர்னின் பெர்ட்டி தெருவில் இருந்த பட்டறையில் இன்ஜின், சஸ்பென்ஷன், சக்கரம், தோற்றம் எல்லாவற்றையும் மேம்படுத்தி, டீலர்கள் வழியாகத் தன் பெயரில் விற்றார். எச்டிடி (ஹோல்டன் டீலர் டீம்) ஸ்பெஷல் வெஹிக்கிள்ஸ் என்று அந்த நிறுவனத்துக்குப் பெயர். 1980இல் வந்த முதல் மாடல் சுமார் 500 வண்டிகள். ஞாயிற்றுக்கிழமை மலையில் ஜெயித்த காரின் நெருங்கிய உறவினரைத் திங்கட்கிழமை வாங்கி வீட்டு வாசலில் நிறுத்தலாம். அந்த விற்பனை லாபம் அடுத்த பந்தயத்துக்குப் போகும். டீலர்களுக்கு மகிழ்ச்சி, ஹோல்டனுக்குச் செலவில்லாத விளம்பரம், பிராக்குக்கு அணி.

1985இல் சர்வதேச குரூப் ஏ விதிகள் வந்தபோது இந்த ஏற்பாடு இன்னும் அவசியமானது. பந்தயத்தில் பயன்படுத்தும் மாற்றங்கள் கொண்ட கார்களைக் குறிப்பிட்ட எண்ணிக்கையில் விற்றாக வேண்டும் என்பது அந்த விதி. நீல நிறத்தில் 500 கொமடோர்கள் வந்தன. ஐந்து லிட்டருக்குச் சற்று மேலே இருந்த ஹோல்டன் இன்ஜினைச் சற்றுக் கீழே வருமாறு குறைத்திருந்தார்கள். ஐந்து லிட்டரைத் தாண்டினால் பந்தயத்தில் கூடுதல் எடை சுமக்க வேண்டியிருந்தது. நுணுக்கமான, அறிவார்ந்த பொறியியல். இதைச் செய்த அதே நிறுவனம்தான் அடுத்ததையும் செய்தது என்பதை நம்பக் கஷ்டமாக இருக்கும்.

எனர்ஜி போலரைசர். காந்தங்களும் படிகக் கற்களும் வைத்து அடைத்த ஒரு சிறு பெட்டி. அதைக் காரில் பொருத்தினால் மூலக்கூறுகள் ஒழுங்காக அடுக்கப்பட்டு, வண்டி இன்னும் சீராகவும் நன்றாகவும் ஓடும் என்று பிராக் சொன்னார். 1980களின் நடுவில் அவர் உடல்நலம் குன்றி, புகையை விட்டு, உணவு முறையை மாற்றி, மாற்று மருத்துவம் பக்கம் போயிருந்தார். ஆற்றல், அதிர்வு போன்ற சொற்கள் அவர் பேச்சில் வரத் தொடங்கின. தனக்கு நல்லது செய்ததாக உணர்ந்த ஒன்றைத் தன் காருக்கும் கொடுத்தார் என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டும்.

ஹோல்டன் பொறியாளர்கள் சோதித்துப் பார்த்தார்கள். எந்த வித்தியாசமும் தெரியவில்லை. பிராக் அசையவில்லை. அவருக்கு வித்தியாசம் தெரிந்தது. இருபது வருடமாக அந்த உணர்வை நம்பித்தான் அவர் ஜெயித்திருக்கிறார். பிரேக்கில் இன்னும் எத்தனை சுற்று மிச்சம் என்று கருவிகள் சொல்லும் முன் அவருக்குத் தெரிந்திருக்கிறது. இப்போது மட்டும் ஏன் கருவியை நம்ப வேண்டும்? அவர் மக்களை ஏமாற்றப் பார்த்தார் என்று சொல்பவர்கள் உண்டு. எனக்கு அது பொருந்தவில்லை. ஏமாற்றுக்காரனாக இருந்தால் ஹோல்டன் மிரட்டியபோது பெட்டியைத் தூக்கிப் போட்டுவிட்டு வியாபாரத்தைக் காப்பாற்றியிருப்பார். அவர் உண்மையாகவே நம்பினார். அதுதான் பிரச்சினை. தன் உணர்வைத் தான் எதிர்பார்ப்பதே வளைத்துவிடும் என்பதை, உணர்வாலேயே வாழ்ந்த ஒருவர் ஏற்றுக்கொள்வது கஷ்டம்.

1987 பிப்ரவரியில், ஹோல்டனின் ஒப்புதல் இல்லாமலே, அந்தப் பெட்டி பொருத்திய டைரக்டர் என்ற புதிய காரை பிராக் அறிமுகப்படுத்தினார். ஹோல்டன் உடனே உறவை வெட்டியது. அவர் மாற்றியமைக்கும் கார்களுக்கு நிறுவனத்தின் உத்தரவாதம் இல்லை என்று ஆனதும் டீலர்கள் விலகினார்கள். நிறுவனம் சரிந்தது. அதே ஆண்டு ஹோல்டன் டாம் வாக்கின்ஷாவோடு சேர்ந்து ஹோல்டன் ஸ்பெஷல் வெஹிக்கிள்ஸ் என்ற நிறுவனத்தைத் தொடங்கியது. பெயரைப் பாருங்கள். பிராக் கண்டுபிடித்த வியாபாரத்தை அப்படியே எடுத்துக்கொண்டு, பிராக்கை மட்டும் விட்டுவிட்டார்கள்.

ஒன்பதாவது

1987 அக்டோபர் பாத்தர்ஸ்ட் உலக டூரிங் கார் சாம்பியன்ஷிப்பின் ஒரு சுற்றாக நடந்தது. ஐரோப்பாவிலிருந்து ஃபோர்டு சியரா ஆர்எஸ்500 கார்கள் வந்து இறங்கியிருந்தன. பிராக்கிடம் பணமும் இல்லை, தொழிற்சாலையும் இல்லை. விளம்பரதாரரான மொபில் எண்ணெய் நிறுவனம் மட்டும் கைவிடவில்லை. அவரது 05 சீக்கிரமே இன்ஜின் போய் நின்றது. மறுபடி இரண்டாவது காருக்கு மாறினார். டேவிட் பார்சன்ஸ், பீட்டர் மெக்லியாட் கூட இருந்தார்கள். கடைசியில் மழை. ஈரச் சாலையில், வறண்ட தடத்துக்கான வழவழப்பான டயர்களோடு, 42 வயது மனிதர் மலையிலிருந்து காரை இறக்கிக்கொண்டு வந்த விதத்தை நேரில் பார்த்தவர்கள் 1972ஐ நினைத்தார்கள். மூன்றாவதாக முடித்தார்.

முதல் இரண்டு இடத்தில் வந்த சியராக்களின் சக்கர வளைவுகள் விதிக்குப் புறம்பானவை என்று புகார் எழுந்தது. மாதக்கணக்கில் இழுத்த விசாரணைக்குப் பிறகு அவை தகுதி நீக்கம் செய்யப்பட்டன. வெற்றி பிராக்குக்கு வந்தது. கோப்பையோடு மேடையில் நிற்காத வெற்றி. ஆனால் ஒன்பது என்ற எண்ணை முடித்து வைத்தது அதுதான்.

அப்புறம் பிஎம்டபிள்யூ ஓட்டினார். ஃபோர்டு சியராவும் ஓட்டினார். 1989இல் அதில் முதலிடத்திலிருந்து புறப்படவும் செய்தார். ஹோல்டன் ரசிகர்களுக்கு அது ஜீரணிக்க முடியாத காட்சி. 1991இல் கொமடோருக்குத் திரும்பினார். 1994இல் ஹோல்டன் ரேசிங் டீம் அவரை எடுத்துக்கொண்டது. இரண்டு தரப்புக்கும் மற்றவர் தேவைப்பட்டார்கள், பழசை யாரும் கிளறவில்லை. 1997இல் முழுநேரப் பந்தயத்திலிருந்து ஓய்வு. பத்தாவது பாத்தர்ஸ்ட் வரவே இல்லை. ஆனாலும் 2003இல், 58 வயதில், அதே மலையில் நடந்த 24 மணி நேரப் பந்தயத்தில் கிரெக் மர்ஃபி, ஜேசன் பிரைட், டாட் கெல்லியோடு ஏழு லிட்டர் மோனாரோவில் வென்றார். ஆயிரம் கிலோமீட்டர் பந்தயக் கணக்கில் அது சேராது.

அந்தக் கடைசி ஆண்டுகளில் அவர் செய்த முக்கியமான வேலை கிரெய்க் லௌண்ட்ஸ் என்ற இளைஞனுக்கு வழிகாட்டியது. கூட்டத்தில் கடைசி ரசிகன் போகும் வரை நின்று கையெழுத்துப் போடுவது பிராக்கின் பழக்கம். அதை லௌண்ட்ஸ் அப்படியே எடுத்துக்கொண்டார். 1996இல் பாத்தர்ஸ்டையும் சாம்பியன்ஷிப்பையும் ஒரே ஆண்டில் வென்ற லௌண்ட்ஸ் 2001இல் ஃபோர்டுக்கு மாறினார்.

2006 செப்டம்பர் 8. மேற்கு ஆஸ்திரேலியாவில், பெர்த் நகருக்கு வெளியே கிட்ஜ்கன்னப் அருகே டார்கா வெஸ்ட் ராலி. பிராக்கின் கார் சாலையை விட்டு விலகி மரத்தில் மோதியது. 61 வயது. பக்கத்தில் இருந்த வழிகாட்டி மிக் ஹோன் காயத்தோடு தப்பினார்.

சரியாக ஒரு மாதம் கழித்து பாத்தர்ஸ்ட். வெல்பவருக்கு இனி பீட்டர் பிராக் கோப்பை என்று அறிவித்தார்கள். முதல் முறை அதை வாங்கியது லௌண்ட்ஸ், ஜேமி வின்கப்போடு. ஃபோர்டு ஃபால்கனில். ஹோல்டன் தலைவனின் பெயர் பொறித்த கோப்பையை ஃபோர்டுக்காரன் வாங்கியபோது மலையில் ஹோல்டன் கொடி பிடித்தவர்களும் கைதட்டினார்கள். அவன் பிராக்கின் பையன் என்று எல்லோருக்கும் தெரியும்.

இப்போது

இறந்த பிறகு அவரைப் பற்றிய பேச்சு முழுக்க இனிப்பாக இல்லை. உயில் விவகாரம் விக்டோரியா உச்ச நீதிமன்றம் வரை போனது. குடும்ப வாழ்க்கை பற்றிக் கசப்பான செய்திகளும் வந்தன. 'பீட்டர் பெர்ஃபெக்ட்' என்ற செல்லப்பெயரைத் தூக்கிச் சுமக்க எந்த மனிதனாலும் முடியாது. அதைச் சூட்டியவர்கள் ஓட்டுவதைப் பற்றித்தான் சொன்னார்கள் என்று வைத்துக்கொள்ளலாம்.

ஹோல்டனே இப்போது இல்லை. 2017 அக்டோபரில் ஆஸ்திரேலியாவில் கார் தயாரிப்பதை நிறுத்தியது. 2020இல் பெயரையே கைவிடுவதாக ஜெனரல் மோட்டார்ஸ் அறிவித்தது. 2022 பாத்தர்ஸ்டில் கடைசி முறையாகக் கொமடோர்கள் ஓடின, வென்றும் காட்டின. நிறுவனம் போனதும் பிராக் பட்டறையிலிருந்து வந்த பழைய கார்களின் விலை ஏறியது. போலரைசர் பெட்டி இருக்கும் வண்டி என்று கூடுதலாக விளம்பரம் செய்கிறவர்களும் இருக்கிறார்கள். 1987இல் யாரும் அதைக் கணித்திருக்க மாட்டார்கள்.

ஒன்பது என்ற எண் உடையுமா? லௌண்ட்ஸும் ஜிம் ரிச்சர்ட்ஸும் ஏழில் இருக்கிறார்கள். தடை வேறு எங்கோ இருக்கிறது. இன்றைய கார்கள் எல்லா அணிக்கும் ஏறக்குறைய ஒரே அச்சில் வார்த்தவை. அவை சுலபத்தில் உடைவதில்லை. விபத்து நடந்தால் பாதுகாப்புக் கார் வந்து எல்லோரையும் ஒன்றாகச் சேர்த்துவிடுகிறது. முன்னிலை எதுவாக இருந்தாலும் காணாமல் போகிறது. வண்டியின் நிலையைக் கணினி பார்க்கிறது, எவ்வளவு பெட்ரோல் மிச்சம் என்று பொறியாளர் காதில் சொல்கிறார். 1979இல் பிராக் ஆறு சுற்று இடைவெளியில் வென்ற பந்தயத்தை 2006இல் லௌண்ட்ஸ் ஒரு நொடிக்கும் குறைவான இடைவெளியில் வென்றார். ஒரு மனிதன் தன் உணர்வை மட்டும் வைத்துக்கொண்டு மற்றவர்களைவிட அவ்வளவு தூரம் முன்னால் போவதற்கான இடமே இந்த விளையாட்டில் இப்போது இல்லை. அந்த வகையில், 9ஐ எட்டுபவர் ஒருநாள் வரலாம். வந்தாலும் அவர் வேறொரு பந்தயத்தை வென்றவராகத்தான் இருப்பார்.